கர்ப்பப்பை பின்னால் சாய்ந்திருக்கு என்று எழுதிக் கொடுத்தால்

ஸ்கேன் துண்டில் ஒரு வரி இருக்கும்: ‘யூட்டரஸ் ரெட்ரோவேர்ட்டட், நோர்மல் சைஸ்.’ சில டொக்டர்மார் அதையும் சுருக்கி ‘ஆர்.வி.’ என்று இரண்டு எழுத்தோடு முடித்துவிடுவார்கள். வாயால் சொன்னால், அதுவும் சிங்களத்தில் சொன்னால், ‘கர்பாஷய பஸ்ஸட்ட ஹெரிலா’ என்று காதில் விழும். பின்னால் திரும்பியிருக்கிறது என்பது மட்டும் புரியும், மற்றது புரியாது. டிக்கோயாவிலோ நுவரெலியாவிலோ பதுளையிலோ காலையிலிருந்து ஆஸ்பத்திரி வரிசையில் நின்று, ஒருநாள் பேரையும் (நாள் சம்பளத்தையும்) விட்டுவிட்டு, அந்த ஒரு வரியோடு பஸ் ஏறுகிறாள் ஒரு பெண். தேயிலைத் தோட்டத்து லயத்துக்கு (வரிசை வீடுகளுக்கு) வந்து சேரும்போது அது ‘கர்ப்பப்பை பெரண்டு போச்சாம்’ ஆகிவிடுகிறது. மறுநாள் கொழுந்து மலையில் ‘அவளுக்கு இனிப் பிள்ளை தங்காதாம்’ ஆகிவிடுகிறது.

அந்த வரி எந்த நோயின் பெயரும் இல்லை. கர்ப்பப்பை எந்தப் பக்கம் பார்த்து இருக்கிறது என்று மட்டும்தான் சொல்கிறது. ஏறக்குறைய ஐந்து பெண்களில் ஒருவருக்கு அது பின்பக்கம்தான் சாய்ந்திருக்கும். பத்துக் காம்பரா உள்ள ஒரு லயத்தில் வீட்டுக்கு ஒரு பெண் என்று வைத்தால் இரண்டு பேர். பெரும்பாலானோருக்கு அது பிறவியிலேயே அப்படி. ஸ்கேன் எடுக்காதவரை தெரிவதே இல்லை, தெரிய வேண்டிய தேவையும் இல்லை.

பிள்ளை பெறாத பெண்ணின் கர்ப்பப்பை ஏழு, எட்டு சென்டிமீட்டர் நீளம். நுவரெலியா, வெலிமடைப் பக்கம் காய்க்கிற பேரிக்காயில் சின்னதாக ஒன்றைக் காம்பு கீழே வரும்படி பிடித்துக்கொள்ளுங்கள், அதுதான் வடிவம். காம்புப் பக்கம் கர்ப்பப்பை வாய். அகன்ற பக்கம் மேற்பகுதி. முன்னால் சலப்பை (சிறுநீர்ப்பை), பின்னால் மலக்குடல், இரண்டுக்கும் நடுவில் இது. பலருக்கு அகன்ற பக்கம் முன்னோக்கிச் சலப்பையின் மேல் சாய்ந்து படுத்திருக்கும். ஐந்தில் அந்த ஒருவருக்கு அது பின்னோக்கி, மலக்குடல் பக்கம் சாய்ந்திருக்கும். நட்டுக்குத்தலாக நிற்கிறவர்களும் உண்டு. எல்லாமே இயல்பு.

இதில் சாய்வு வேறு, மடிப்பு வேறு. கர்ப்பப்பை முழுவதுமாக, வாயோடு சேர்ந்து பின்னால் சாய்ந்திருந்தால் ரெட்ரோவேர்ட்டட். வாய் இருக்க வேண்டிய திசையிலேயே இருக்க, கழுத்துக்கு மேலே உள்ள உடல் மட்டும் பின்னால் மடிந்திருந்தால் ரெட்ரோஃப்ளெக்ஸ்ட். இரண்டும் சேர்ந்தும் இருக்கும். ‘ஃபர்ஸ்ட் டிகிரி’, ‘தேர்ட் டிகிரி’ என்று எழுதியிருந்தால், மேற்பகுதி எவ்வளவு தூரம் பின்னால் போயிருக்கிறது என்ற அளவு அது. மூன்றாவது என்றால் மேற்பகுதி வாயின் மட்டத்துக்கும் கீழே போயிருக்கிறது. எண் கூடியதால் ஆபத்து கூடியது என்று எடுத்துக்கொள்ளத் தேவையில்லை.

நம் பக்கத்தில் பெரிய குழப்பம் ஒன்று உண்டு. ‘சாய்ந்திருக்கு’ என்றதும் ‘அடி எறங்கிருச்சு’ என்று எடுத்துக்கொள்கிறார்கள். அது வேறு விஷயம். அடி இறங்குவது என்றால் கர்ப்பப்பையைத் தாங்கும் தசையும் நாரும் தளர்ந்து அது கீழே வழியைப் பார்த்து வருவது. கீழே ஏதோ தொங்குகிற மாதிரி, உட்கார்ந்தால் உருண்டையாக ஒன்று தட்டுப்படுகிற மாதிரி இருக்கும். பல பிரசவம், நீண்டகால இருமல், முக்கி மலம் கழிப்பது, பாரம் தூக்குவது இவையெல்லாம் அதைக் கூட்டும். சாய்வு அப்படியில்லை. கொழுந்துக் கூடையைத் தலையில் மாட்டி முதுகில் சுமந்து, பதினெட்டு இருபது கிலோவோடு சரிவில் இறங்கி நிறுவைக்கு வந்ததால் கர்ப்பப்பை பின்னால் சாய்ந்துவிடாது. அந்தச் சுமையால் இடுப்பு வலிக்கும், கழுத்து வலிக்கும், அது உண்மை. அந்த இடுப்புவலிக்கு ஸ்கேனில் வந்த இந்த வரியைக் காரணம் காட்டி, வேலையால் வந்த வலியைக் கவனிக்காமல் விடுவதுதான் தவறு.

அப்படியானால் டொக்டரிடம் என்ன கேட்பது? ‘சாய்ந்திருக்கிறதா’ என்பதல்ல கேள்வி. ‘அசைகிறதா, ஒட்டியிருக்கிறதா’ என்பதுதான். ‘மொபைலா, ஃபிக்ஸ்டா’ என்று கேட்டால் எந்த மொழி டொக்டருக்கும் புரியும். பிறவியிலேயே பின்னால் சாய்ந்த கர்ப்பப்பை தாராளமாக அசையும். விரலால் மெல்லத் தள்ளினால் முன்னால் வரும், விட்டால் திரும்பப் போய்விடும். ஏதாவது ஒரு நோய் அதைப் பின்னால் இழுத்து ஒட்ட வைத்திருந்தால் அசையாது, தள்ளும்போது வலிக்கும். அப்போது தேட வேண்டியது அந்த நோயை.

அதைக் கண்டுபிடிக்க முதல் கருவி டொக்டரின் கைதான். பரிசோதனைக்கு முன்னால் சலம் கழித்துவிட்டுப் போங்கள். சலப்பை நிறைந்திருந்தால் அதுவே கர்ப்பப்பையைப் பின்னால் தள்ளிவிடும், ஒழுங்காக இருக்கிற கர்ப்பப்பைகூட சாய்ந்த மாதிரி தெரியும். அடிவயிற்றில் உருண்டையாகத் தட்டுப்படும் நிறைந்த சலப்பையைக் கட்டி என்று தவறாக எண்ணவும் இடமுண்டு. மலச்சிக்கல் இருந்தால் அதையும் சொல்லிவிடுங்கள். மலக்குடலில் தேங்கிய மலமும் பின்பக்கம் கட்டி மாதிரியே தட்டுப்படும்.

மல்லாந்து படுத்து முழங்காலை மடக்கி விரித்துக்கொள்ளச் சொல்வார்கள். முதலில் ஸ்பெகுலம் (வழியை விரித்துப் பிடிக்கும் கருவி) வைத்து வாயைப் பார்ப்பார்கள். கர்ப்பப்பை முன்னால் சாய்ந்திருந்தால் வாய் பின்சுவரைப் பார்த்திருக்கும். பின்னால் சாய்ந்திருந்தால் வாய் முன்னால், அடிவயிற்று எலும்புக்குப் பின்னே மேல்நோக்கி ஒளிந்துகொள்ளும். பாப் பரிசோதனைக்கு (கர்ப்பப்பை வாய்ப் புற்றுநோய்ச் சோதனைக்கு) போன இடத்தில் ‘வாய் கிடைக்கவில்லை’ என்று மிஸ்ஸி (தாதி) இரண்டு மூன்று தடவை ஸ்பெகுலத்தைத் திருப்புவதற்கு இதுவே காரணமாக இருக்கலாம். இரண்டு கையையும் முஷ்டியாக்கி இடுப்புக்கடியில் வைத்துக் கொஞ்சம் உயர்த்திக் கொடுத்தால் வாய் பார்வைக்கு வந்துவிடும். ஏற்கெனவே தெரிந்திருந்தால் படுக்கும் முன்பே சொல்லுங்கள், வலியும் நேரமும் மிச்சம். ஆனால் வாயின் திசையை மட்டும் வைத்து முடிவு சொல்ல முடியாது. உடல் மட்டும் மடிந்த கர்ப்பப்பையில் வாய் ஒழுங்கான இடத்திலேயே இருக்கும்.

அடுத்தது இரண்டு கைப் பரிசோதனை. கையுறை போட்ட இரண்டு விரல் உள்ளே, மற்றக் கை அடிவயிற்றின் மேலே. முன்னால் சாய்ந்த கர்ப்பப்பை என்றால் இரண்டு கைக்கும் நடுவில் அது பிடிபடும்; மேற்கை அதன் தலையைத் தொடும். பின்னால் சாய்ந்திருந்தால் மேற்கை அழுத்த அழுத்த வெறுமையாக இருக்கும். அப்போது உள்விரலை வாய்க்குப் பின்னால் உள்ள குழிக்குக் கொண்டுபோவார்கள். அங்கே மொழுமொழுவென்று உருண்டையாக ஒன்று தட்டுப்படும். அது கர்ப்பப்பையின் மேற்பகுதியா, சூலகத்துக் கட்டியா, கர்ப்பப்பைத் தசையில் வளரும் ஃபைப்ரோயிட் கட்டியா என்று பிரித்தறிவதில்தான் அனுபவம் இருக்கிறது. வாயை அசைத்தால் அந்த உருண்டையும் சேர்ந்து அசைகிறதா, வாயிலிருந்து உருண்டை வரை விரல் இடைவெளியில்லாமல் போகிறதா, முன்பக்கம் வேறு கர்ப்பப்பை தட்டுப்படுகிறதா என்று பார்ப்பார்கள். சந்தேகம் தீராவிட்டால் ஒரு விரலை மலவாயில் வைத்தும் பார்ப்பதுண்டு. செய்யும் முன் சொல்லிவிட்டுத்தான் செய்ய வேண்டும்.

அந்த இடத்திலேயே மேலும் மூன்று விஷயம் பார்க்கப்படும். உருண்டையை மெல்ல மேலே தள்ளினால் போகிறதா? வாயை இப்படியும் அப்படியும் அசைத்தால் வலிக்கிறதா? கர்ப்பப்பைக்குப் பின்னாலுள்ள நாரில் பயறு மாதிரிச் சின்னச் சின்ன முடிச்சு தட்டுப்படுகிறதா? வலிக்கிற இடத்தில் ‘இங்கேதான்’ என்று வாய்விட்டுச் சொல்லுங்கள். பல்லைக் கடித்துப் பொறுத்துக்கொள்வது நம் பெண்களின் பழக்கம். இந்த மேசையில் அது உதவாது, எந்த இடத்தில் எப்படி வலிக்கிறது என்பதே பரிசோதனையின் பாதி முடிவு. பக்கத்தில் ஒரு பெண் தாதி நிற்க வேண்டும் என்று கேட்க உங்களுக்கு உரிமையுண்டு. உடலுறவு கொள்ளாத பெண்ணுக்கு இந்த உட்பரிசோதனை வழக்கமாகச் செய்வதில்லை. வயிற்று ஸ்கேன் போதும்.

ஸ்கேன் இரண்டு வகை, இரண்டுக்கும் தயாராவது நேர்மாறு. வயிற்றின் மேல் வைத்து எடுக்கிற ஸ்கேனுக்குச் சலப்பை நிறைந்திருக்க வேண்டும். அந்த நீரின் ஊடாகத்தான் கர்ப்பப்பை தெரியும். தோட்டத்துப் பெண்கள் படும் பாடு இங்கேதான் தொடங்குகிறது. விடிய நாலரைக்கே தண்ணீரைக் குடித்துவிட்டு, இரண்டு மணித்தியாலம் வளைவு வளைவாக பஸ்ஸில் குலுங்கி, சலத்தை அடக்கிக்கொண்டே வந்து, வரிசை நகராமல் கடைசியில் போய்விட்டு வந்து, ‘தண்ணி காணாது’ என்று திருப்பி அனுப்பப்படுகிறார்கள். வீட்டில் குடித்துவிட்டு வராதீர்கள். ஒரு லீட்டர்ப் போத்தலைக் கையில் எடுத்து வாருங்கள். ஆஸ்பத்திரிக்கு வந்ததும் ஒருமுறை சலம் கழித்துவிடுங்கள். உங்கள் நம்பர் எப்போது வரும் என்று கேட்டு, அதற்கு ஒரு மணித்தியாலம் முன்னால் முழுவதையும் குடித்துவிட்டு இருங்கள். நுவரெலியாக் குளிருக்குச் சலம் சீக்கிரம் முட்டும் என்பதையும் கணக்கில் வையுங்கள். வெடிக்கிற அளவுக்கு அடக்குவதும் சரியில்லை. அளவுக்கு மீறி நிறைந்தால் படத்தில் கர்ப்பப்பை நசுங்கியும் பின்னே தள்ளப்பட்டும் தெரியும்.

பின்னால் சாய்ந்த கர்ப்பப்பைக்கு வயிற்று ஸ்கேனில் ஒரு குறை இருக்கிறது. மேற்பகுதி கருவியிலிருந்து தூரப் போய்விடுவதால் அந்த இடம் கறுப்பாக, தெளிவில்லாமல் விழும். ‘ஃபைப்ரோயிட் மாதிரி’ என்று எழுதப்பட்டு, பிறகு பார்த்தால் ஒன்றுமே இல்லாமல் போவதற்கு இது ஒரு காரணம். சந்தேகத்தைத் தீர்ப்பது உள்வழி ஸ்கேன். அதற்குச் சலம் கழித்துவிட்டுத்தான் படுக்க வேண்டும். இரண்டு விரல் தடிப்பில் நீண்ட கருவி, அதன் மேல் கொண்டம் உறை, ஜெல். ஐந்து பத்து நிமிஷம். பேரைக் கேட்டு வருகிற பயம்தான் அதிகம். கைப் பரிசோதனையைவிட இது லேசு என்றுதான் பலர் சொல்வார்கள். இதில் சாய்வு, மடிப்பு, உட்சவ்வின் தடிப்பு, சூலகம் எல்லாம் கிட்டத்தில் தெரியும். கருவியால் மெல்ல அழுத்தி, மலக்குடல் கர்ப்பப்பையின் மேல் வழுக்கி நகர்கிறதா என்றும் பார்க்கலாம். நகராமல் இரண்டும் சேர்ந்தே அசைந்தால் ஒட்டியிருக்கிறது என்று பொருள். எம்.ஆர்.ஐ. எல்லாம் சாய்வைக் கண்டுபிடிக்கத் தேவையே இல்லை. ஆழமான எண்டோமெட்ரியோசிஸ் (உட்சவ்வு போன்ற திசு கர்ப்பப்பைக்கு வெளியே வளரும் நோய்) சந்தேகம் இருந்தால் மட்டும் அந்தப் பேச்சு வரும்.

ஆறு மாதத்துக்கு முந்திய ஸ்கேனில் ‘ஏ.வி.’ (முன்னால்), இப்போது ‘ஆர்.வி.’ (பின்னால்) என்று வந்தால் யாரோ பிழை விட்டதாக எண்ண வேண்டாம். அசைகிற உறுப்பு அது. சலப்பை நிறைந்திருந்த அளவு, இடையில் ஒரு பிரசவம், இவற்றால் மாறும்.

இனி, எப்போது இந்த வரியைத் தாண்டிப் பார்க்க வேண்டும்? வருஷத்துக்கு வருஷம் கூடிக்கொண்டே போகும் மாதவிடாய் வலி, மலைக்குப் போக முடியாமல் அரைப்பேரோடு திரும்ப வைக்கிற வலி. அந்த நாட்களில் மலம் கழிக்கும்போது உள்ளே குத்துவது. கணவனோடு சேரும்போது ஆழத்தில் வலித்து, பிறகும் மணிக்கணக்காகத் தங்குவது. இவையெல்லாம் எண்டோமெட்ரியோசிஸ் பக்கம் கைகாட்டுபவை. அடிவயிற்று வலியோடு காய்ச்சல், நாற்றமடிக்கும் வெள்ளைபடுதல் என்றால் தொற்று. தொற்று ஆறிய பிறகும் அதன் தழும்பு கர்ப்பப்பையைப் பின்னால் ஒட்ட வைக்கலாம். சிசேரியன் தழும்பு முன்சுவரை வயிற்றோடு ஒட்டவைத்து, மேற்பகுதியைப் பின்னால் மடக்குவதும் உண்டு. இவற்றில் ஏதாவது இருந்து, ஸ்கேன் ‘நோர்மல்’ என்று வந்தாலும், அதோடு விட்டுவிடாதீர்கள். எண்டோமெட்ரியோசிஸ் ஸ்கேனில் தெரியாமலே இருக்க முடியும். கடிதம் வாங்கிக்கொண்டு வி.ஓ.ஜி. டொக்டரிடம் (மகப்பேறு, பெண்நோய் நிபுணரிடம்) போங்கள். தேவைப்பட்டால் வயிற்றில் சின்னத் துளையிட்டுக் கேமரா விட்டுப் பார்ப்பார்கள். ‘உன் கர்ப்பப்பை சாய்ந்திருக்கு, அதனால்தான் வலி’ என்ற பதிலோடு ஒரு பெண்ணைப் பல வருஷம் பரசிட்டமோல் வில்லையில் ஓட விடுவது எனக்குக் கோபம் வரவைக்கிற விஷயம்.

அசைகிற, ஒட்டாத சாய்விலும் சிலருக்குச் சேரும்போது வலி வருவதுண்டு. சூலகமும் கர்ப்பப்பையோடு சேர்ந்து பின்குழிக்குள் இறங்கியிருந்தால் ஆழத்தில் அடிபடும். பக்கவாட்டில் படுத்தோ, பெண் மேலிருந்தோ, ஆழத்தைத் தானே கட்டுப்படுத்தினால் பெரும்பாலும் சரியாகிவிடும். புருஷனிடம் சொல்லத்தான் வேண்டும். பெண் வாய் திறக்காவிட்டால் அவருக்கும் தெரிய வழியில்லை.

சாய்வை நிமிர்த்த மருந்து இல்லை, தேவையும் இல்லை. முழங்காலும் நெஞ்சும் தரையில் படக் குப்புற இருக்கும் பயிற்சியால் கொஞ்ச நேரம் முன்னால் வரும், எழும்பினால் பழைய இடத்துக்கே போகும். எண்ணெய் போட்டு வயிற்றை வழித்து ஏற்றிவிடுகிறேன் என்று யாராவது சொன்னால் வேண்டாம் என்று சொல்லுங்கள். ஒட்டியிருந்தால் வலியைக் கூட்டும், ஒட்டாவிட்டால் எதையும் மாற்றாது. ஹொட்ஜ் என்ற அமெரிக்க டொக்டர் பத்தொன்பதாம் நூற்றாண்டில் செய்த, உள்ளே வைத்துக் கர்ப்பப்பையைத் தாங்கும் வளையம் இன்னும் சில இடங்களில் இருக்கிறது. அதைச் சில வாரம் வைத்து வலி போகிறதா என்று பார்ப்பதுண்டு. கர்ப்பப்பையை முன்னால் இழுத்துக் கட்டும் ஒபரேஷன்கள் இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஏராளமாக நடந்தன. பலன் கிடைக்காததால் கைவிடப்பட்டன.

பிள்ளை தங்குவதற்கும் சாய்வுக்கும் சம்பந்தமில்லை. விந்தணு வாய்க்குள் போவது சாய்வைப் பார்த்தல்ல. பிள்ளை தாமதமானால் காரணத்தை வேறிடத்தில் தேட வேண்டும். கணவனின் விந்துப் பரிசோதனையிலிருந்து தொடங்குவது நல்லது.

சாய்வு உண்மையில் முக்கியமாகும் இடம் லூப் (கர்ப்பத்தடைக்குக் கர்ப்பப்பைக்குள் வைக்கும் சாதனம்) போடும்போது. போடுகிறவர் கர்ப்பப்பை முன்னால் இருப்பதாக எண்ணிக் குழாயை முன்னோக்கித் தள்ளினால் அது முன்சுவரில் முட்டும், துளைத்துக்கொண்டு போகவும் கூடும். அதனால்தான் லூப் போடும் முன் இரண்டு கைப் பரிசோதனை கட்டாயம். வாயைப் பிடித்து இழுத்து மடிப்பை நேராக்கி, அளவுகோலை விட்டு ஆழம் பார்த்துத்தான் போட வேண்டும். ஆறிலிருந்து ஒன்பது சென்டிமீட்டர் வரை இருந்தால் கொப்பர் டி பொருந்தும். உங்களுக்கு ‘ஆர்.வி.’ என்று தெரிந்திருந்தால் எம்.ஓ.எச். (சுகாதார வைத்திய அதிகாரி) கிளினிக்கில் முதல் வார்த்தையாக அதைச் சொல்லுங்கள். சாய்வு லூப்புக்குத் தடையில்லை. 35, 45 வயதில் வெல் வுமன் கிளினிக்குக்கு (பெண்களின் நலப் பரிசோதனைக்கு) மிட்வைப் அழைக்கும்போதும் அந்தத் துண்டைக் கொண்டுபோங்கள்.

கர்ப்பம் தரித்தால், எட்டு வாரத்துக்குள் மிட்வைப்பிடம் பதிகிற நேரத்திலேயே சொல்லிவிடுங்கள். ஐந்து ஆறு வாரத்தில் வயிற்று ஸ்கேனில் கரு இருக்கும் பை தெரியவில்லை என்றால் உடனே மனம் உடைய வேண்டாம். உள்வழி ஸ்கேன் கேளுங்கள், அல்லது ஒரு வாரம் கழித்து மறுபடி பார்க்கச் சொல்லுங்கள். ஒரு பக்கமாக வயிற்றுவலி, இரத்தப்போக்கு, தலைச்சுற்று இருந்தால் மட்டும் காத்திருக்கக் கூடாது. குழாய்க் கர்ப்பமாக இருக்கலாம், அன்றே ஆஸ்பத்திரி. மற்றபடி பன்னிரண்டிலிருந்து பதினான்கு வாரத்துக்குள் வளரும் கர்ப்பப்பை தானாகவே இடுப்புக் கூட்டிலிருந்து மேலே எழும்பிவிடும். அதன் பிறகு சாய்வு என்ற பேச்சே இல்லை.

மிக அரிதாக, ஏறத்தாழ மூவாயிரம் கர்ப்பத்தில் ஒன்றில், அது எழும்பாமல் இடுப்பெலும்புக்குள் சிக்கிக்கொள்ளும். ஒட்டு உள்ளவர்களுக்கும் கட்டி உள்ளவர்களுக்கும் அதிகம். மூன்றரை, நாலு மாதத்தில் சலம் முட்டும், போனால் சொட்டுச் சொட்டாக வரும், போன பிறகும் நிறைந்த மாதிரியே இருக்கும். நீர்க்கடுப்பு என்று இளநீரும் வெந்தயமும் கொடுப்பார்கள். டிஸ்பென்சரியில் கிருமிக்கு மாத்திரையும் கிடைக்கும். இரண்டுக்கும் அடங்காது, ஏனென்றால் கடுப்பு இல்லை, அடைப்பு. தொப்புளுக்குக் கீழே கை வைத்துப் பார்த்தால் வயிறு கெட்டியாக உப்பியிருக்கும், அழுத்தினால் சலம் முட்டும். இதைக் கண்டால் விடியும்வரை பொறுக்காமல் 1990 சுவசெரிய அம்புலன்ஸைக் கூப்பிடுங்கள். ரோட்டு மோசமென்றால் த்ரீவீலரில் மெயின் ரோட்டு வரை கொண்டுவந்து ஏற்றுங்கள். ஆஸ்பத்திரியில் குழாய் போட்டுச் சலத்தை வடிப்பார்கள். ஒரு லீட்டருக்கு மேலும் வரும். பெரும்பாலும் சலப்பை காலியானதும், குப்புற முழங்காலில் இருக்கச் சொன்னதுமே கர்ப்பப்பை மேலே வந்துவிடும். வராவிட்டால் இருபது வாரத்துக்கு முன் டொக்டர் கையால் தள்ளி ஏற்றிவிடுவார். அப்புறம் மற்ற எல்லாரையும் போல மாதாமாதம் கிளினிக்தான்.